வடசேரிப் பந்து, தென்சேரிப் பந்து

எங்கள் கல்லூரியின் முதலாவது றகர், அதாவது ரக்பி, பயிற்றுநர் நான். இதைச் சொல்லும்போதெல்லாம் எதிரே இருப்பவர் முதலில் சிரிப்பார், பிறகு என்னை மேலிருந்து கீழாக ஒருமுறை பார்ப்பார். பார்த்து முடிக்க அதிக நேரம் எடுக்காது. என் உயரம் ஐந்தடிக்கு ஓர் அங்குலம் குறைவு. மட்டக்களப்பு வாவிக்கரையில் இருக்கும் ஒரு சிறிய தொழில்நுட்பக் கல்லூரியில் நில அளவை படிப்பிக்கிறேன். அந்த ஆட்டத்தைத் தொலைக்காட்சியில் ஓரிரு தடவை கண்டதுண்டு. பந்து முட்டை வடிவில் தெரிந்ததைத் தொலைக்காட்சிப் பெட்டியின் கோளாறு என்று நினைத்திருந்தேன்.

ஒரு நாள் கொழும்பிலிருந்து பெட்டி ஒன்று வந்தது. ஐந்து பந்துகள், இரண்டு டசின் ஜேர்சிகள், ஓர் ஊதல், ஒரு படிவம். கல்லூரிகளுக்கிடையே புதிதாகப் போட்டி நடத்தப் போகிறார்களாம். படிவத்தில் ‘பயிற்றுநர்’ என்ற கட்டத்தில் ஒரு பெயர் இல்லாவிட்டால் பெட்டியைத் திருப்பி அனுப்ப வேண்டும். எங்கள் விளையாட்டுப் பொறுப்பாளரோ கட்டாருக்குப் போய் ஆறு மாதமாகிவிட்டது. கல்லூரி அதிபர் படிவத்துடன் ஆசிரியர் அறைக்குள் வந்ததும் எல்லோரும் கொப்பிகளுக்குள் தலையை விட்டுக்கொண்டார்கள். நான் மட்டும் வடை தின்றுகொண்டிருந்தேன். வாய் நிறைய இருந்ததால் மறுப்புச் சொல்ல முடியவில்லை.

“மிஸ், மைதானத்த அளந்தது நீங்கதானே? உங்களுக்குத்தான் அதின்ட மூலைமுடுக்கெல்லாம் தெரியும்” என்றார் அதிபர். வடையை விழுங்கி முடிப்பதற்குள் என் பெயரை எழுதிவிட்டார்.

அன்று பின்னேரம் கைபேசியில் றகர் விதிகளைத் தேடினேன். தேடப்போய் வழி தவறி, அமெரிக்கக் கல்லூரிகளில் கால்பந்து தொடங்கிய காலத்துக்குப் போய்ச் சேர்ந்தேன். அவர்களுடைய கால்பந்தும் றகரிலிருந்து பிரிந்து வந்ததுதான். பந்தைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடுவதற்கு ஏன் கால்பந்து என்று பெயர் வைத்தார்கள் என்பது அவர்களுக்கே வெளிச்சம். நூறு வருடத்துக்கும் முந்திய அந்தப் பயிற்றுநர்களின் வாழ்க்கைக் குறிப்புகளை வாசிக்க வாசிக்க எனக்கு உற்சாகம் ஏறிவிட்டது. அவர்களும் என்னைப் போல வேறு வேலைக்கு வந்து மாட்டிக்கொண்டவர்கள்தான்.

அவர்களில் ஒருவரை எனக்கு மிகவும் பிடித்துப்போயிற்று. காலையில் இரசாயனம் படிப்பிப்பார், பின்னேரம் பயிற்சி கொடுப்பார், ஆள் குறைந்தால் தானே களத்தில் இறங்கி விளையாடுவார். அந்த ஊரில் ஆட்டத்தைக் கண்ணால் கண்டவர் அவர் ஒருவர்தான் என்பதால் வேலை அவர் தலையில் விழுந்திருந்தது. முழு வாழ்க்கையும் அரைப் பக்கத்துக்குள் அடங்கியிருந்தது. பிறந்தார், படித்தார், ஒரேயொரு பருவம் பயிற்றுநராக இருந்தார், வென்றது இத்தனை, தோற்றது இத்தனை, பிறகு எங்கோ போய் வேறு வேலை பார்த்து இறந்துபோனார். மேலே மீசையோடு மங்கலான ஒரு படம். அவரை என் குருவாக எடுத்துக்கொண்டேன். அவர் மறுக்க வழியில்லை.

மாணவர்களிடம் “எனக்கு இப்படித் தோன்றுகிறது” என்று சொன்னால் கொட்டாவி விடுவார்கள். “அமெரிக்காவில் ஒரு கோச் இப்படித்தான் செய்வாராம்” என்று சொன்னால் வரிசையில் வந்து நிற்பார்கள். ஆகவே எனக்குத் தோன்றிய சரி பிழை எல்லாவற்றையும் அந்த மனிதர் தலையில் கட்டினேன். காலையில் பழஞ்சோறு தின்றுவிட்டு ஓடக் கூடாது என்பதைக்கூட அவர்தான் சொன்னார்.

பயிற்சிக்குப் பதினெட்டுப் பேர் வந்தார்கள். கட்டட வேலை, மின்சாரம், இரும்பு ஒட்டு வேலை என்று பல வகுப்புப் பிள்ளைகள். இவர்களில் மூன்று பேரை மட்டும் நீங்கள் தெரிந்துகொண்டால் போதும். ஒருவன் கப்டன்; வாவிக்கு அந்தப் பக்கம் படுவான்கரையிலிருந்து தினமும் வருகிறவன், மெலிந்தவன், ஓடினால் பிடிக்க முடியாது. இரண்டாமவன் கரடியனாற்றுக்காரன், நெல் மூட்டை தூக்கி வளர்ந்த உடம்பு, அவன் ஓடினால் நிறுத்த முடியாது. மூன்றாமவன் ஏறாவூர்க்காரன், தகப்பனின் துணிக்கடையில் நின்று பழகியதால் எந்தச் சண்டையையும் இரண்டு வார்த்தையில் தணித்துவிடுவான்.

றகரில் பந்தை முன்னால் எறியக் கூடாது. முன்னால் ஓடவேண்டும், பந்தைப் பின்னால் கொடுக்கவேண்டும். எதிரியின் கோட்டைத் தாண்டிப் பந்தை நிலத்தில் வைத்து அழுத்தினால் ஐந்து புள்ளி, அதற்குப் பெயர் டிரை. இவ்வளவையும் விளங்கப்படுத்த எனக்கு இரண்டு கிழமை எடுத்தது. அளவை வேலைக்கு வைத்திருக்கும் சிவப்பு வெள்ளைக் கம்புகளை நட்டு, ஒவ்வொருவனும் எங்கே நிற்கவேண்டும் என்று நாடா பிடித்து அளந்து காட்டினேன். ஒரு நாள் கரடியனாற்றுக்காரன் உதைத்த பந்து காற்றில் ஏறிப்போய் வாவிக்குள் விழுந்தது. தோணியில் நின்று வலை வீசிக்கொண்டிருந்தவர் அதைத் தூக்கி இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார்.

“புள்ள, இது என்ன மீனு?” என்று கரையை நோக்கிக் கத்தினார்.

எனக்குக் கோபம் வரும். அதை ஒளித்துப் பயனில்லை. வீட்டில் சத்தம் போட்டால் என்னைக் கோபக்காரி என்பார்கள், வகுப்பில் போட்டால் அதிபரிடம் முறைப்பாடு போகும். மைதானத்தில் சத்தம் போட்டால் அதற்குப் பயிற்சி என்று பெயர். முப்பத்தெட்டு வயதில் இப்படி ஓர் இடம் கிடைத்ததே என்று எனக்குப் பெரிய சந்தோசம். பின்னேரம் நாலு மணி எப்போது வரும் என்று வகுப்பில் மணிக்கூட்டைப் பார்க்கத் தொடங்கினேன். படிப்பிக்கிறவர்கள் மணிக்கூட்டைப் பார்ப்பது மாணவர்களுக்கு உடனே தெரிந்துவிடும்.

போட்டியில் எங்களுக்கு மூன்று ஆட்டங்கள். முதல் இரண்டையும் வெளியூர் போய் விளையாடினோம். இரண்டிலும் நாங்கள் எடுத்தது முட்டை. எதிரணி எடுத்ததைச் சொல்ல மாட்டேன்.

இரண்டாவது ஆட்டம் முடிந்து வந்த மறுநாள் அதிபர் என்னைக் கூப்பிட்டார். அவர் கெட்ட மனிதர் இல்லை. கல்லூரிப் பெயர் தொடர்ந்து கீழே போவதைப் பார்க்க அவருக்கு மனமில்லை.

“மிஸ், வெல்லச் சொல்லி நான் கேக்கல்ல. ஒரு டிரை. அதுவும் இல்லாம மூண்டாவதிலயும் முட்டையெண்டா, பந்தையெல்லாம் திருப்பிப் பெட்டியில போட்டு அனுப்பிருவம். அந்த நிலத்துல மோட்டார் சைக்கிள் விடக் கொட்டில் போடலாம்.”

வெளியே வந்து மைதானத்தைப் பார்த்தேன். எனக்கு அந்த நாலு மணி வேண்டும். பொடியன்கள் ஊதல் சத்தத்துக்கு ஓடிவந்து “மிஸ், இண்டைக்கு என்ன?” என்று கேட்பது வேண்டும். ஒரு டிரைக்காக எதையும் செய்யத் தயாராக இருந்தேன், அதுதான் வினையாகப் போயிற்று.

பிரச்சினை என்னவென்றால், பயிற்சியில் ஒருவனும் உடம்பை முறித்து விளையாடுவதில்லை. தெரிந்த முகங்கள், மோதுவதற்கு முன் “மச்சான், சொறி” என்று சொல்லிவிட்டு மோதுகிறவர்கள். என் அமெரிக்கக் குருவின் காலத்தில் கல்லூரி அணியை இரண்டாகப் பிரித்து ஒன்றோடொன்று மோதவிடுவார்களாம். நானும் அப்படியே செய்வோம் என்றேன். எப்படிப் பிரிப்பது என்று தலையைச் சொறிந்துகொண்டிருந்தபோது கப்டன்தான் சொன்னான்.

“என்னத்துக்கு மிஸ் யோசிக்கிறீங்க? நாங்க பிரிஞ்சுதானே இரிக்கிறம். வடசேரி இந்தப் பக்கம், தென்சேரி அந்தப் பக்கம்.”

வெளியூர்க்காரருக்கு இதைக் கொஞ்சம் சொல்லவேண்டும். எங்கள் பக்கத்துக் கண்ணகி அம்மன் கோயில்களில் கொம்புமுறி என்று ஒரு விளையாட்டு உண்டு. வளைந்த இரண்டு மரக் கொம்புகளை ஒன்றோடொன்று கொளுவி, கயிறு கட்டி, ஊரே இரண்டு பக்கமாக நின்று இழுக்கும். ஒரு பக்கம் வடசேரி, மறுபக்கம் தென்சேரி. யாருடைய கொம்பு முறிகிறதோ அவர்கள் தோற்றார்கள். வென்றவர்கள் தோற்றவர்களை நெளிய நெளிய வைத்துப் பாட்டுப் பாடுவார்கள். நீங்கள் எந்தச் சேரி என்பதைத் தெரிவு செய்ய முடியாது. பிறக்கும்போதே கூட வருவது. கொம்பு இழுத்துப் பல வருடமான ஊர்களில்கூட, எந்தச் சேரி என்று கேட்டால் பிள்ளைகள் உடனே பதில் சொல்வார்கள்.

பிரித்தோம். கப்டன் வடசேரி, கரடியனாற்றுக்காரன் தென்சேரி. தன்னாமுனையிலிருந்து வரும் ஒருவன் ஞாயிற்றுக்கிழமை பூசை தவறாதவன், அவனுக்குச் சேரியும் இல்லை கொம்பும் இல்லை. அவனைப் பிடித்து வடசேரியில் போட்டார்கள். இரண்டு நாளில் அவன் மற்றவர்களைவிடத் தீவிரமான வடசேரிக்காரன் ஆகிவிட்டான். சேரி இல்லாத இன்னொருவனான ஏறாவூர்க்காரன் கையைத் தூக்கிக் கும்பிட்டான்.

“என்னய விட்டிருங்க மிஸ். எந்தப் பக்கம் ஆள் குறையிதோ அந்தப் பக்கம் நான் வாறன். எனக்கு ரெண்டு பேரும் வாடிக்கக்காரன்தான்.”

அடுத்த மூன்று கிழமையைப் பார்த்திருக்கவேண்டும். சொறி சொன்ன வாய்களிலிருந்து வசை வந்தது. விழுந்தவன் மண்ணைத் தட்டாமல் எழுந்து துரத்தினான். இழுத்துப் பழகிய பரம்பரை என்பதால் தள்ளவேண்டிய இடத்திலும் இழுத்தார்கள், அதை மட்டும் திருத்தவேண்டியிருந்தது. தோற்ற சேரி வென்ற சேரியின் சப்பாத்துகளைக் கழுவவேண்டும் என்று தாங்களே சட்டம் போட்டுக்கொண்டார்கள். அதிபர் யன்னலால் எட்டிப் பார்த்துத் தலையசைத்தார். நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடந்தேன்.

மூன்றாவது ஆட்டம் எங்கள் மைதானத்தில். எதிரணி மலைநாட்டிலிருந்து இரவோடிரவாக பஸ்ஸில் வந்திருந்தது. வெயில் அவர்களைப் பாதி கொன்றுவிட்டிருந்தது, மீதியை நாங்கள் பார்த்துக்கொள்வோம் என்று நினைத்தேன். நடுவர் ஊதினார். கப்டன் பந்தைப் பிடித்து ஓடினான். இரண்டு பேர் அவனைப் பிடிக்க வந்தார்கள். அவனுக்குப் பக்கத்தில், சரியாக நான் நாடா பிடித்து அளந்த இடத்தில், கரடியனாற்றுக்காரன் கையை நீட்டிக்கொண்டு நின்றான். கப்டன் அவனைப் பார்த்தான். பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அப்படியே விழுந்தான்.

முதலில் பதற்றம் என்று நினைத்தேன். அடுத்து கரடியனாற்றுக்காரனிடம் பந்து வந்தது. பக்கத்தில் மூன்று பேர் தனியே நின்றார்கள், மூன்றும் வடசேரி. அவன் யாருக்கும் கொடுக்காமல் எதிரணியின் நடுவே புகுந்து ஆறு பேருக்குக் கீழே புதைந்துபோனான். அப்போதுதான் எனக்கு உறைத்தது. வடசேரிப் பந்து தென்சேரிக்குப் போகாது, தென்சேரிப் பந்து வடசேரிக்கு வராது. மூன்று கிழமை நானே ஊதல் ஊதி, கைதட்டி, இதைத்தான் பழக்கியிருக்கிறேன்.

இரண்டு சேரியும் பந்து கொடுக்கும் ஒரே ஆள் ஏறாவூர்க்காரன். எல்லாப் பந்தும் அவனிடமே போனது. மலைநாட்டுப் பொடியன்கள் மடையர்களா? பத்து நிமிடத்தில் கண்டுபிடித்து அவன் மேல் நாலு பேரைக் காவல் வைத்தார்கள். இடைவேளைக்குச் சற்று முன் அவன் மூக்கில் ஒரு முழங்கை பட்டு இரத்தம் கொட்டியது. முதலுதவிக் கொட்டகைக்குக் கொண்டு போனார்கள். அப்போது புள்ளி இருபத்தொன்பதுக்கு முட்டை.

இடைவேளையில் கத்தினேன். “எல்லாரும் குனிஞ்சு உங்கட சேட்டப் பாருங்க! என்ன நிறம்?”

“நீலம் மிஸ்.”

“எல்லாருக்கும் நீலமா இல்லையா?”

“ஓம் மிஸ்.”

“அப்ப இதுக்குள்ள என்னடா வடசேரி தென்சேரி?”

கப்டனுக்குக் கண் கலங்கியிருந்தது. “மிஸ், சத்தியமா வேணுமெண்டு செய்யல்ல. குடுக்கத்தான் நினைக்கிறன். கை போகுதில்ல” என்றான். அவன் பொய் சொல்லவில்லை என்று எனக்குத் தெரிந்தது. இதற்கு அமெரிக்கக்காரரின் அரைப் பக்கத்தில் ஒரு வரியும் இல்லை.

இரண்டாம் பாதியும் அதே கதைதான். எதிரணி நாற்பத்தாறு எடுத்துவிட்டு ஓய்ந்துபோய், வெயிலில் நடந்துகொண்டே விளையாடியது. இன்னும் ஐந்து நிமிடம் இருந்தது. அதிபர் எனக்கு இரண்டு கதிரை தள்ளி உட்கார்ந்து, மைதானத்தின் மூலையை அளவெடுப்பதுபோலப் பார்த்துக்கொண்டிருந்தார். கொட்டிலுக்கு எத்தனை தூண் என்று மனுசன் எண்ணுகிறார் என்று நினைத்தேன். எனக்கு அழுகை முட்டியது, அதைவிட அதிகமாகக் கோபம் முட்டியது.

நடுக்கோட்டருகே கப்டனிடம் பந்து வந்தது. முன்னால் வழி திறந்திருந்தது. ஆனால் அவன் களைத்திருந்தான், கால் பின்னியது, பின்னால் எதிரணியில் மூன்று பேர் நெருங்கினார்கள். ஐந்தடி தள்ளிக் கரடியனாற்றுக்காரன் ஒன்றும் செய்யாமல் கூடவே ஓடிக்கொண்டிருந்தான். அவன் கொடுக்கவும் மாட்டான், இவன் கேட்கவும் மாட்டான். நான் கதிரையிலிருந்து எழும்பிக் கோட்டுக்கு ஓடினேன்.

“டேய் கரடியனாறு! என்ன பாத்துக்கொண்டு ஓடுறாய்? வடசேரி பந்தோட போறான்! பறிடா!”

இதை யோசித்துச் செய்த உபாயம் என்று பிறகு பலரிடம் சொல்லிப் பார்த்தேன், எவரும் நம்பவில்லை. சரிதான், வெறும் கோபத்தில் வந்த சொல் அது. ஆனால் கரடியனாற்றுக்காரன் முகம் மாறிவிட்டது. அவன் சொந்த அணிக் கப்டன் மேல் பாய்ந்து பந்தைப் பறித்தான். பறித்துக்கொண்டு ஓடினான். கப்டனுக்கு எங்கிருந்து உயிர் வந்ததோ தெரியாது, “டேய், கிறுகுடா, திரும்புடா!” என்று கத்திக்கொண்டு துரத்தினான். வடசேரி முழுவதும் துரத்தியது. அவர்களைத் தடுக்கத் தென்சேரி முழுவதும் ஓடியது. மலைநாட்டு அணி நின்று பார்த்தது. எதிரணி தன்னைத் தானே துரத்தும்போது என்ன செய்யவேண்டும் என்று அவர்களுக்கு யாரும் படிப்பிக்கவில்லை.

கோட்டுக்கு இரண்டு அடி முன்னால் கப்டன் பாய்ந்து அவன் இடுப்பைப் பிடித்தான். இருவரும் உருண்டார்கள். கோட்டுக்கு அப்பால், புழுதிக்குள், நாலு கைகளும் ஒரே பந்தைப் பிடித்தபடி நிலத்தில் அழுத்தின. நடுவர் மூச்சிரைக்க ஓடிவந்து குனிந்து பார்த்தார். சொந்த அணிக்காரனிடமிருந்து பந்தைப் பறிக்கக் கூடாது என்று எந்த விதியும் அவர் நினைவுக்கு வரவில்லை. கையைத் தூக்கி ஊதினார். ஐந்து புள்ளி.

நான் அதிபரைக் கட்டிப்பிடித்துவிட்டேன் என்று ஒரு கதை கல்லூரியில் உலாவுகிறது. அது பொய். அவருடைய குடையைத்தான் கட்டிப்பிடித்தேன்.

நாற்பத்தாறுக்கு ஐந்து என்று தோற்று, இரண்டு சேரியும் தனித்தனியே வெற்றிப் பாட்டுப் பாடிக்கொண்டு வீட்டுக்குப் போனது. டிரை யாருடையது என்ற சண்டை அடுத்த நாளும் நடந்தது, அடுத்த கிழமையும் நடந்தது. அதிபர் சொன்ன சொல் தவறவில்லை. கொட்டில் யோசனையைக் கைவிட்டார். என்னைக் கூப்பிட்டு, தேநீர் வரவழைத்து, முகம் மலரச் சொன்னார்.

“மிஸ், இனி இதக் கொஞ்சம் பெரிசா எடுக்க வேணும். கண்டியில இருந்து ஒரு கோச் வாறார். முறையாப் படிச்சவர். உங்களுக்கும் ஓய்வு.”

ஓய்வு யார் கேட்டது? சிரித்துக்கொண்டு “நல்லம் சேர்” என்றேன். தேநீரைக் குடித்தேன். வகுப்புக்கு வந்து கரும்பலகையில் எதையோ எழுதி, எழுதியதையே அழித்தேன். ஒரு டிரை வேண்டும் என்று நான்தான் தலைகீழாக நின்றேன். கிடைத்த டிரை என்னை வெளியே அனுப்பிவிட்டது. அன்று பின்னேரம் நாலு மணிக்கு என் கால்கள் தாமாக மைதானத்துப் பக்கம் போயின. பாதி வழியில் திருப்பிக்கொண்டு பஸ் நிற்கும் இடத்துக்குப் போனேன். மனம் நொந்துதான் இருந்தது.

புதிய பயிற்றுநர் தை மாதம் வந்தார். நல்ல உயரம். எங்கள் தமிழ் பாதி புரியும், மீதியைச் சிரித்துச் சமாளிப்பார். வந்த அன்றே ஆசிரியர் அறையில் என் மேசைக்கு முன்னால் உட்கார்ந்து, கல்லூரியின் ஆண்டறிக்கையில் விளையாட்டுப் பக்கத்தை விரித்து வைத்து விரலால் வரி வரியாகத் தேடினார். அறிக்கை அச்சாகும் நேரத்தில் அவர் நியமனம் வந்துவிட்டதால், பயிற்றுநர் என்ற இடத்தில் அவர் பெயரையே போட்டிருந்தார்கள். அது எனக்கு ஏற்கெனவே தெரியும். அதற்குக் கீழே நான் பார்க்கவில்லை.

விரல் ஓரிடத்தில் நின்றது.

“மிஸ், முழு வருசத்துக்கும் டிரை போட்டது ஒருத்தர் மட்டும்தான். இவர் எந்த வகுப்பு? இன்னும் இங்க இருக்கிறாரா?”

எட்டிப் பார்த்தேன். டிரை போட்டவர் என்ற இடத்தில் என் தலைப்பெழுத்தும் என் பெயரும் இருந்தன.

ஆண்டறிக்கைக்கு விளையாட்டு விபரப் படிவத்தை நிரப்பிக் கொடுத்தவன் ஏறாவூர்க்காரன் என்று பிறகு தெரிந்தது. “என்ன செய்யிற மிஸ்? வடசேரி எண்டு எழுதினா தென்சேரி விடுறான் இல்ல, தென்சேரி எண்டு எழுதினா வடசேரி விடுறான் இல்ல. கடைசியா உங்கட பேரச் சொன்னன். ரெண்டு பக்கமும் ஒரே வாயில ஓமெண்டாங்க” என்றான்.

ஆனால் அந்த நிமிடம் இது எதுவும் எனக்குத் தெரியாது. புதிய பயிற்றுநர் பேனையைத் திறந்து வைத்துக்கொண்டு என் முகத்தைப் பார்த்திருந்தார். ஆண்டறிக்கையை மூடி அவர் பக்கம் தள்ளினேன்.

“இருக்கிறா சேர்” என்றேன். “பின்னேரம் நாலு மணிக்கு வரச் சொல்லவா?”